ஏழு பத்து முதல் ஏழு ஐம்பத்திரண்டு வரை

ரேடியோ சத்தம் கேட்டபோது டைம்கீப்பர் கட்டிலுக்கு அடியில் ஒற்றைச் செருப்பைத் தேடிக்கொண்டிருந்தார். குனிந்த தலை குனிந்தபடியே இருக்க, துழாவிக்கொண்டிருந்த கை மட்டும் நின்றுவிட்டது. சத்தம் சமையலறையிலிருந்துதான் வந்தது. முதலில் ஒரு கரகரப்பு, அப்புறம் செய்திக்கு முன்னால் வரும் அந்த மெல்லிய இசை, கூடவே குழாயில் தண்ணீர் விழும் சத்தம், கரண்டி ஒன்று எதிலோ இடறும் சத்தம். மூன்று மாதமாக இந்த வீட்டை விட்டுப் போயிருந்த சத்தங்களெல்லாம், ஊருக்குப் போனவர்கள் பெட்டியும் பையுமாகத் திரும்பி வந்தது போல, ஒன்றாக வந்து நின்றன. ஒரு விநாடி, ஒரே ஒரு விநாடி, அவருடைய மனைவி உயிரோடு இருந்தாள்.

“அப்பா, செருப்ப விடுங்க, நான் தேடித் தரேன். போய் உக்காருங்க, டீ கொண்டு வரேன்” என்று மகளின் குரல் வந்தது. அந்த விநாடி அதோடு முடிந்தது.

அவர் முன்னறைக்கு வந்து தன் பிரம்பு நாற்காலியில் உட்கார்ந்தார். அதில் உட்கார வேண்டாம் என்றுதான் நினைத்தார்; கால்கள் அவர் பேச்சைக் கேட்கவில்லை. முப்பத்தெட்டு வருஷமாக அந்த இசை வந்தால் அவர் போய் உட்காரும் இடம் அதுதான். நாற்காலி தெருவைப் பார்த்திருக்கும், முதுகு சமையலறை வாசலைப் பார்த்திருக்கும். வாசலில் பூப்போட்ட திரை ஒன்று தொங்கியது. துவைத்துத் துவைத்துச் சுருங்கி, இப்போது தரையிலிருந்து முழங்கால் உயரத்துக்கு மேலேயே நின்றுவிட்டது. “திரைன்னா தரை வரைக்கும் இருக்கணும், இது என்ன அரைப்பாவாடை” என்று அவர் கிண்டல் செய்வார். “உள்ள என்ன புதையலா இருக்கு, மூடி வைக்க?” என்பாள் அவள்.

தெருவில் அவருக்கு டைம்கீப்பர் என்றுதான் பெயர். ஓய்வு பெற்று ஆறு வருஷம் ஆகியும் அது போகவில்லை. பஸ் நிலையத்து வாசலில், ஒரு மேஜையும் ஒரு மின்விசிறியும் மட்டுமே கொள்ளும் கூண்டுக்குள் முப்பத்தொரு வருஷம் உட்கார்ந்திருந்தார். பஸ் உள்ளே வந்த நிமிஷம், வெளியே போன நிமிஷம், இரண்டையும் நீளமான பதிவேட்டில் எழுதுவது வேலை. ஓட்டுநர்கள் கூண்டின் கம்பியைப் பிடித்துக்கொண்டு கெஞ்சுவார்கள். “சார், ஒரு மூணு நிமிஷம் முன்னாடி போட்டு எழுதுங்க சார். வழியில ரயில்வே கேட்டு மூடிட்டான்.” அவர் பேனாவிலிருந்து கண்ணை எடுக்கமாட்டார். “கேட்டு மூடினத கேட்டுக்காரன் எழுதுவான். நீ வந்தத நான் எழுதறேன்.” சிடுமூஞ்சி, கல்நெஞ்சுக்காரன் என்றெல்லாம் முதுகுக்குப் பின்னால் பேசியிருக்கிறார்கள். தப்பாக எழுதினார் என்று மட்டும் ஒருத்தரும் சொன்னதில்லை.

அவருடைய கைக்கடிகாரத்துக்கு நேரம் சொன்னது இந்த ரேடியோ. ஏழு மணிக்கு ஆறு முறை ‘பீப்’ அடிக்கும். ஆறாவது பீப்புக்கு அவர் கடிகாரத்தின் முள்ளைச் சரிபார்த்துக்கொண்டு, டீ குடித்த பிறகுதான் வேலைக்குக் கிளம்புவார். பஸ் நிலையத்துச் சுவர்க் கடிகாரம் அவருடைய கைக்கடிகாரத்தைப் பார்த்து ஓடியது. “ஊர்ல ஓடற பஸ்ஸெல்லாம் என் அடுப்படியிலேருந்துதான் கிளம்புது, பேரு மட்டும் உங்களுக்கு” என்று மனைவி சொல்லிக் காட்டுவாள். அதில் பொய்யும் இல்லை.

கல்யாணமான இரண்டாம் வருஷம் வாங்கிய பெட்டி அது. இரண்டு குமிழ்கள். நிலையம் மாற்றும் குமிழை வாங்கிய வாரத்துக்குப் பிறகு யாரும் தொட்டதில்லை. சத்தம் கூட்டிக் குறைக்கும் குமிழ்தான் அந்த வீட்டையே ஓட்டியது. மகள் பள்ளிக்கூடம் போன காலத்தில் வீட்டில் யாரும் மணி பார்த்ததாக அவருக்கு நினைவில்லை. ஏழு மணிச் செய்தி ஆரம்பித்தால் குளியல். ஏழு பத்துக்குச் சந்தை விலை நிலவரம் வந்தால் சீருடை. ஏழே காலுக்குப் பாட்டுகள். முதல் பாட்டுக்கு ஒரு பின்னல், இரண்டாம் பாட்டுக்கு இன்னொரு பின்னல். பாட்டு சின்னதாக அமைந்துவிட்டால் அன்றைக்கு இரண்டாவது பின்னல் கோணல். ஒருமுறை யாரோ பெரிய தலைவர் இறந்து, காலையிலிருந்து வெறும் சோக இசையே ஓடிக்கொண்டிருந்தது. அன்றைக்கு மூன்று பேருக்கும் எதை எப்போது செய்வது என்றே தெரியவில்லை. மகள் தலை பின்னாமல் பள்ளிக்கு ஓடினாள். டைம்கீப்பரே வேலைக்கு ஒன்பது நிமிஷம் தாமதம். அதையும் பதிவேட்டில் எழுதினார்.

ஞாயிறு மதியம் மூன்று மணிக்கு நாடகம். மனைவி சமையலறைத் தரையிலேயே, கையைத் தலைக்கு வைத்து ஒருக்களித்துப் படுத்துக்கொண்டு கேட்பாள். தரை குளிர்ச்சியாக இருக்கும் என்பாள். மகளும் பக்கத்தில் ஒட்டிக்கொண்டு படுத்திருப்பாள். நாடகத்தில் யாராவது லேசாக இருமினால் போதும், “இவன் போயிடுவான், எழுதி வச்சுக்க” என்று மகளிடம் ரகசியமாகச் சொல்வாள். அடுத்த வாரம் அந்த ஆள் போய்விடுவான். இருவரும் ஏதோ தாங்களே கதை எழுதியது போலப் பெருமையாகச் சிரித்துக்கொள்வார்கள். அவர் நாற்காலியில் உட்கார்ந்தபடி, கேட்காதது போலக் காதைத் தீட்டிக்கொண்டு கேட்பார்.

சண்டைக்கும் அந்தக் குமிழ்தான். மற்ற வீடுகளில் வாய் பேசும். அவர்கள் வீட்டில் ரேடியோ பேசியது. அவளுக்குக் கோபம் வந்துவிட்டால் மறுநாள் காலையில் ரேடியோ ஒரு பிடி சத்தமாகப் பாடும். பாத்திரங்கள் தேவைக்கு மேல் பேசும். டீ முன்னறைக்கு வராது. போட்டு, அடுப்பு மேடையிலேயே வைத்துவிடுவாள். வேண்டுமென்றால் அவர் எழுந்து, திரையை விலக்கிக்கொண்டு உள்ளே போய் எடுத்துக்கொள்ள வேண்டும். திரையை முதலில் தாண்டுகிறவர் தோற்றவர். யாரும் யாருக்கும் சொல்லாத சட்டம் இது. திரும்பிப் பார்த்தாலும் பாதி தோல்வி. அதனால் அவர் கழுத்தைக்கூடத் திருப்பமாட்டார். காது மட்டும் அந்தப் பக்கமே இருக்கும். சந்தை விலை ஆரம்பித்தவுடன் அவள் சத்தத்தைக் குறைப்பாள். அந்த நிகழ்ச்சி அவளுக்கு ஆகவே ஆகாது. “வாங்கறவளுக்குத் தெரியாத விலையா?” என்பாள். எவ்வளவு கோபத்திலும் ஏழு பத்துக்கு அந்தக் கை குமிழுக்குப் போகும். குறைக்கிற விதத்திலேயே கோபம் எந்த மட்டத்தில் இருக்கிறது என்று அவர் கண்டுபிடித்துவிடுவார். வெடுக்கென்று குறைந்தால் இன்னும் ஒரு நாள் ஆகும். மெதுவாகக் குறைந்தால் டீ வரும்.

பல வருஷம் அவர்தான் தோற்றார். தோற்று உள்ளே போனால் அவள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டே டம்ளரை நீட்டுவாள். உதட்டோரம் மட்டும் அடங்காது. அந்த உதட்டோரத்துக்காகவே தோற்கலாம். ஓய்வு பெற்றபின்தான் அவருக்கு வீம்பு கூடியது. வீட்டில் சும்மா இருக்கிறவனுக்கு ரோஷமாவது மிஞ்சட்டும் என்று தோன்றியதோ என்னவோ.

சமையலறையிலிருந்து மகள் எட்டிப் பார்த்தாள். “அப்பா, நீங்க மூணு மாசமா இத போடவே இல்லையா? தூசி அப்பியிருக்கு.”

“போடல.”

“சுவர்ல சுவிட்ச போட்டேன், உடனே பாடிருச்சு. சத்தம்கூட அம்மா வச்ச மாதிரியே இருக்கு.”

இருக்கத்தானே செய்யும். அன்றைக்கு அவர் அணைத்ததும் சுவர் சுவிட்சைத்தான். குமிழை யாரும் தொடவில்லை. அவள் கை விட்ட இடத்திலேயே அது நிற்கிறது.

“இத நான் எடுத்துட்டுப் போறேன்பா. நம்மள கூட்டிட்டுப் போக வண்டி பதினோரு மணிக்கு வரும், மடியில வச்சுக்கலாம். எங்க வீட்டு கிச்சன்ல வச்சிடறேன். காலையில இது பாடினா உங்களுக்கும் நம்ம வீடு மாதிரியே இருக்கும்.”

அவர் இனிமேல் இருக்கப்போகிற காலைகளை ஒவ்வொன்றாக நினைத்தார். இந்த இசை, இந்த ஆறு பீப், அப்புறம் ஏழு பத்து. ஒவ்வொரு நாளும் ஏழு பத்து வரும்.

மகள் ஒரு கண்ணாடிக் கடையில் கண் பரிசோதிக்கிறவள். நாள் முழுக்க ஆட்களை நாற்காலியில் உட்காரவைத்து, எதிரே எழுத்துகளைக் காட்டி, தெரிகிறதா தெரிகிறதா என்று கேட்பது வேலை. “யாருமே உண்மையச் சொல்லமாட்டாங்கப்பா. தெரியாத எழுத்தக்கூட தெரியுதுன்னுதான் சொல்லுவாங்க. முகத்தப் பாத்துத்தான் கண்டுபிடிக்கணும்” என்று முன்பொருமுறை சொல்லியிருக்கிறாள். அப்படிப்பட்டவள் அவர் முகத்தைப் பார்த்து எதையும் கண்டுபிடிக்கவில்லை என்றுதான் மூன்று மாதமாக நம்பிக்கொண்டிருந்தார். வந்தவர்கள் போனவர்களிடமெல்லாம் அவள் ஒரே வார்த்தையைச் சொன்னாள். “அப்பா பாத்திரம் விழுந்த சத்தம் கேட்டு உடனே ஓடிட்டாங்க. பத்து நிமிஷத்துல ஆஸ்பத்திரி. அதுக்கு மேல நம்ம கையில இல்ல.” கேட்டவர்கள் அவர் தோளைத் தட்டிவிட்டுப் போனார்கள். ஒவ்வொரு தட்டும் நெருப்பாகச் சுட்டது.

ஆறு பீப் அடித்தது. கை தானாகக் கடிகாரத்துக்குப் போனது. சரியாக இருந்தது. செய்தி ஆரம்பித்தது.

அன்றைக்கும் சரியாகத்தான் இருந்தது. முந்தின நாள் சாயங்காலம் சின்னச் சண்டை. பேத்திக்குப் பள்ளி விடுமுறை, பத்து நாள் மகள் வீட்டில் இருந்துவிட்டு வரலாம் என்றாள் மனைவி. “நீ போயிட்டு வா, நான் வரல” என்றார். “என்னப் பாத்துக்க ஆள் இல்லைன்னு நீ ஒண்ணும் கவலைப்பட வேணாம்” என்று வேண்டாத வார்த்தை ஒன்றையும் சேர்த்தார். “உங்களுக்கு அந்த நாற்காலிதான் பொண்டாட்டி, நான் யாரு” என்று சொல்லிவிட்டு அவள் உள்ளே போனாள். மறுநாள் காலை ரேடியோ ஒரு பிடி சத்தமாகப் பாடியது. அவர் நாற்காலியில் உட்கார்ந்து மனதுக்குள் சிரித்துக்கொண்டார். செய்தி முடியும் நேரத்தில் உள்ளே ஒரு பாத்திரம் விழுந்து உருண்டது. போடு, போடு என்று நினைத்தார். ஏழு பத்துக்குச் சந்தை விலை ஆரம்பித்தது. வெங்காயம் இவ்வளவு, தக்காளி இவ்வளவு. சத்தம் குறையவில்லை. ஓஹோ, அவ்வளவு கோபமா, எனக்காகச் சந்தை விலையையும் சகித்துக்கொள்கிறாளா என்று அதையும் ரசித்தார். ஏழு பதினெட்டுக்கு அவளுடைய போன் உள்ளே அடித்தது. எடுக்கவில்லை. கை ஈரமாக இருக்கும் என்று நினைத்தார். பாட்டுகள் வந்தன. அதில் ஒன்று அவருக்குப் பிடித்த பாட்டு. டீ வரவில்லை. வராது என்று தெரியும். இன்றைக்கு நான் எழுந்திருக்கப் போவதில்லை, அவளே வரட்டும் என்று செய்தித்தாளைப் பிரித்தார்.

ஏழே முக்காலுக்கு அவள் ரேடியோவை அணைத்துவிட்டுக் குளிக்கப் போவாள். அன்றைக்கு அணைக்கவில்லை. யாரோ ஒரு மருத்துவர் முழங்கால் வலிக்கு யோசனை சொல்லிக்கொண்டிருந்தார். அதையும் ஏழு நிமிஷம் கேட்டார். பிறகுதான், கோபத்துக்கும் ஒரு அளவு இருக்கிறது என்று முணுமுணுத்தபடி, தோற்பதற்காக எழுந்தார்.

திரையை விலக்கியபோது அவள் தரையில் ஒருக்களித்துப் படுத்திருந்தாள். ஞாயிற்றுக்கிழமை நாடகம் கேட்பது போல. அரை விநாடி அப்படித்தான் நினைத்தார். ஆனால் அன்று ஞாயிறு இல்லை, கை தலைக்கு அடியில் இல்லை. கண் திறந்திருந்தது. வாசலைப் பார்த்தே திறந்திருந்தது. அடுப்பு பற்றவைக்கப்படவில்லை. மேடையில் இரண்டு டம்ளர்கள் எடுத்து வைத்திருந்தாள். அவருடையதில் சர்க்கரை போட்டாகிவிட்டது.

ஆஸ்பத்திரியில் மருத்துவர், “எத்தனை மணிக்கு விழுந்தாங்க? சரியா சொல்லுங்க” என்று பேனாவோடு கேட்டார். முப்பத்தொரு வருஷம் ஊராருடைய நிமிஷங்களை எழுதினவர் வாயைத் திறந்தார். “ஏழு அம்பது. பாத்திரம் விழுந்த சத்தம் கேட்டது, ஓடினேன்.” பாத்திரம் விழுந்தது உண்மை. மருத்துவர் எழுதிக்கொண்டார். அவள் மறுநாள் மதியம் வரை இருந்தாள். ஒரு வார்த்தை பேசவில்லை.

இதையெல்லாம் யாரிடம் சொல்வது? நினைக்காத நாள் இல்லை. அதைவிடக் கொடுமை ஒன்று இருந்தது. இரண்டாவது பாட்டின் நடுவில், ஏதோ ஒரு இடத்தில், உள்ளேயிருந்து ‘என்னங்க’ என்று மெல்லமாக ஒரு சத்தம் கேட்டது போலவும் கேட்காதது போலவும் இருந்தது. அன்றைக்கே கேட்டதா, இல்லை இந்த மூன்று மாதத்தில் அவர் மனமாக உண்டாக்கிக்கொண்டதா என்று எவ்வளவு தலையை உடைத்துக்கொண்டும் தெரியவில்லை. கேட்டிருந்தால், அவள் பாட்டோடு சேர்ந்து முணுமுணுக்கிறாள் என்று விட்டிருப்பார். இல்லை, அவளே தோற்கிறாள் என்று சந்தோஷப்பட்டிருப்பார். எது என்று நினைத்துப் பார்க்கவும் பயமாக இருந்தது.

செய்தி முடிந்தது. “சந்தை விலை நிலவரம்” என்றது ரேடியோ. வெங்காயம். தக்காளி. உருளைக்கிழங்கு.

சத்தம் குறையவில்லை.

டைம்கீப்பர் காத்திருந்தார். பூண்டு. பச்சை மிளகாய். குழாய்ச் சத்தம் இல்லை. கரண்டிச் சத்தம் இல்லை. மகளின் குரலும் இல்லை. சத்தம் குறையவில்லை. அவர் எழுந்த வேகத்தில் நாற்காலி பின்னால் சரிந்தது. முட்டி சுவரில் இடித்தது தெரியவில்லை. “ஏம்மா! ஏம்மா!” என்று கத்திக்கொண்டு, திரையை இழுத்த இழுப்பில் ஒரு பக்கக் கொக்கி கழன்றுவிழ, உள்ளே போய் நின்றார்.

சமையலறையில் யாரும் இல்லை. டீத் தண்ணீர் அடுப்பில் கொதித்துக்கொண்டிருந்தது. தரை காலியாக, துடைத்த ஈரத்தோடு கிடந்தது. பின்கதவு திறந்திருந்தது. கொடியில் காய்ந்த துணிகளை எடுக்கப்போன மகள், தோளில் இரண்டு சட்டைகளோடு ஓடிவந்தாள்.

“என்னப்பா? என்னாச்சு?”

“நீ ஏன் குறைக்கல?” குரல் அவருடையது போல இல்லை. “ஏழு பத்துக்குக் குறைக்கணும்னு உனக்குத் தெரியாதா?”

அவள் முதலில் அடுப்பை அணைத்தாள். பிறகு சட்டைகளை மேடையில் வைத்தாள். ரேடியோவுக்குக் கையைக் கொண்டுபோனாள்.

“தொடாத!”

கை நின்றது. விலைப்பட்டியல் ஓடிக்கொண்டே இருந்தது. அவர் மேடையைப் பிடித்துக்கொண்டு சொல்ல ஆரம்பித்தார். பதிவேடு வாசிப்பது போலத்தான் வந்தது. வேறு மாதிரி சொல்ல அவருக்குத் தெரியாது. செய்தி முடிகிற நேரத்தில் பாத்திரம் விழுந்தது. ஏழு பத்து, சத்தம் குறையவில்லை. ஏழு பதினெட்டு, போன். ஏழு நாற்பத்தைந்து, அணைக்கவில்லை. ஏழு ஐம்பத்திரண்டு, எழுந்தேன். “நாப்பத்திரண்டு நிமிஷம்மா. கோவத்துல இருக்கான்னு நெனச்சேன். ரேடியோ பாடிட்டிருந்துச்சு. ரேடியோ பாடினா அவ நல்லாத்தானே இருப்பா? நான் அங்க உக்காந்து பேப்பர் படிச்சேன்.”

மகள் அவர் முகத்தைப் பார்க்கவில்லை. டம்ளர்களைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“தெரியும்பா.”

“என்ன தெரியும்?”

“ஏழு பதினெட்டுக்கு போன் பண்ணது நான்தான். அம்மா எடுக்கல. நீங்க ஏழு அம்பதுன்னு டாக்டர்கிட்ட சொன்னீங்க. போன் கைக்கெட்டற இடத்துலதான் இருக்கும். அம்மா நல்லா இருந்தா எடுக்காம இருப்பாளா?” அவள் மூக்கை உறிஞ்சினாள். “அப்ப நான் என்ன நெனச்சேன் தெரியுமா? ரேடியோவ சத்தமா வச்சிருக்கா, கேக்கல போலன்னு நெனச்சேன். இன்னொரு தடவ அடிச்சிருக்கலாம். உங்க போனுக்கு அடிச்சிருக்கலாம். அடிக்கல. பஸ்ஸுக்கு நேரமாச்சுன்னு கிளம்பிட்டேன்.”

“அப்ப ஏன் எல்லார்கிட்டயும் அப்படிச் சொன்ன? அப்பா உடனே ஓடினாங்கன்னு?”

“வேற என்னப்பா சொல்றது?”

சொல்லிவிட்டால் பாரம் இறங்கும் என்று அவர் நினைத்திருந்தார். இறங்கவில்லை. இரண்டு பேராகத் தூக்க வேண்டியிருந்தது, அவ்வளவுதான். விலைகள் முடிந்து முதல் பாட்டு ஆரம்பித்து, அதுவும் முடியும் நேரம் ஆனது.

“நீ போய் என் நாற்காலிய நிமித்திப் போட்டு உக்காரு” என்றார்.

“எதுக்கு?”

“தெருவப் பாத்து உக்காரு. திரும்பாத. நான் இங்கேருந்து கூப்பிடறேன். கேக்குதா இல்லையான்னு மட்டும் சொல்லு.”

அவளுக்குப் புரிந்தது. “வேணாம்பா. விட்டுடுங்கப்பா.”

“அவ கூப்பிட்டாளா இல்லையான்னு இனிமே யாரும் சொல்ல முடியாது. கூப்பிட்டிருந்தா எனக்குக் கேட்டிருக்குமா, அத மட்டுமாவது தெரிஞ்சுக்கறேனே. கேட்டிருக்காதுன்னா நான் எப்படியாவது இருந்துடுவேன்மா.”

அவள் கொக்கியை எடுத்துத் திரையை மறுபடி மாட்டினாள். அதைச் சரியாக மாட்டுவதற்கு வேண்டியதைவிட அதிக நேரம் எடுத்துக்கொண்டாள். பிறகு திரைக்கு அந்தப் பக்கம் போனாள். நாற்காலியை இழுக்கும் சத்தம், பிரம்பு முனகும் சத்தம் கேட்டது.

டைம்கீப்பர் மேடையைப் பிடித்து, ஒவ்வொரு முட்டியாக மடக்கி, தரையில் இறங்கினார். மனைவி கிடந்த இடத்தில், கிடந்த மாதிரியே, வாசலைப் பார்த்து ஒருக்களித்துப் படுத்தார். தரை உண்மையிலேயே குளிர்ச்சியாகத்தான் இருந்தது. முப்பத்தெட்டு வருஷத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமைகூட இங்கே வந்து படுத்துப் பார்க்கவில்லை. அலமாரிக்கு அடியில் ஒரு மூடி, வெங்காயச் சருகு, எப்போதோ உருண்டுபோன ஒரு பட்டன். கன்னத்தைத் தரையில் வைத்துக் கண்ணை உயர்த்தினார்.

திரைக்குக் கீழே நாற்காலியின் நாலு கால்கள் தெரிந்தன. அவற்றுக்கு நடுவே மகளின் இரண்டு பாதங்கள், குதிகால் வெடிப்பு முதற்கொண்டு, துல்லியமாகத் தெரிந்தன.

மனைவியின் கண் ஏன் வாசலைப் பார்த்துத் திறந்திருந்தது என்று மூன்று மாதமாக யோசித்திருக்கிறார். அன்றைக்கு அந்த இடத்தில் இருந்தவை அவருடைய பாதங்கள். பிடித்த பாட்டு வந்தபோது வலது பாதம் தாளம் போட்டது. அது அவருக்கு நன்றாக நினைவிருக்கிறது.

மேலே ரேடியோ இரண்டாவது பாட்டுக்கு வந்திருந்தது, அவள் கை விட்ட அதே சத்தத்தில். அவர் வாயைத் திறந்தார். முதல் தடவை காற்று மட்டும் வந்தது. இரண்டாம் தடவை, அந்த நிலையில் அவளால் எவ்வளவு முடிந்திருக்குமோ அவ்வளவே, அதற்கு மேல் ஒரு இழைகூட இல்லாமல் கூப்பிட்டார்.

“என்னங்க...”

திரைக்குக் கீழே மகளின் குதிகால்கள் சட்டென்று தரையிலிருந்து எழும்பின. பாட்டு ஓடிக்கொண்டிருந்தது. அவர் அதே குரலில், கொஞ்சமும் கூட்டாமல் கேட்டார்.

“கேட்டுச்சாமா?”

“இல்லப்பா” என்று உடனே பதில் வந்தது. “ஒண்ணுமே கேக்கல.”

அவர் எழுந்திருக்கவில்லை. நாற்காலியும் நகரவில்லை. அந்தப் பாட்டு முடிந்து, அறிவிப்பாளர் ஏதோ சொல்லி, இன்னொரு பாட்டு ஆரம்பித்தது. முன்னறையில் அடக்கி அடக்கி அழுகிற சத்தமும், பாட்டைத் தாண்டி, நன்றாகவே கேட்டது. பழக்கதோஷத்தில் கை கடிகாரத்தைக் கண்ணுக்கு நேரே கொண்டுவந்தது. ஏழு முப்பத்தொன்று. இன்னும் இருபத்தோரு நிமிஷம் இருந்தது. அவர் கன்னத்தைத் தரையோடு ஒட்டிக்கொண்டு, திரைக்குக் கீழே அந்தப் பாதங்களைப் பார்த்தபடியே கிடந்தார்.